விண்ட்ஹோக்கிலிருந்து சுறாத் தீவு வரை: நமீபியப் பயணக் குறிப்புகள்

முதல் நாள்: விண்ட்ஹோக்

நமீபியாவுக்கு இந்தியாவிலிருந்து நேர் விமானம் இல்லை. அடிஸ் அபாபாவிலோ ஜோஹன்னஸ்பர்க்கிலோ மாற வேண்டும். அடிஸில் 12 மணி நேரத்துக்கு மேல் காத்திருக்கும்படி டிக்கெட் அமைந்தால் மஞ்சள் காய்ச்சல் தடுப்பூசிச் சான்று கேட்பார்கள். விசா விதிகள் அடிக்கடி மாறுகின்றன, டிக்கெட் போடும் முன் ஒருமுறையும் கிளம்பும் வாரத்தில் ஒருமுறையும் பாருங்கள். வண்டிகள் நம் ஊர் போல இடப்பக்கம் ஓடுகின்றன. நமீபிய டாலரும் தென்னாப்பிரிக்க ராண்டும் ஒன்றுக்கு ஒன்று, இரண்டும் செல்லும். நாட்டை விட்டுக் கிளம்பும்போது மட்டும் கையில் நமீபிய டாலர் மிஞ்ச விடாதீர்கள், வெளியே மாற்றுவது பாடு.

பெரும்பாலோர் இங்கே வருவது எட்டோஷாவின் யானைக்கும் சோசுஸ்ஃப்ளையின் சிவப்பு மணலுக்கும். இந்தக் குறிப்புகள் வேறு தடத்தில் போகின்றன. 1904 முதல் 1908 வரை, ‘ஜெர்மன் தென்மேற்கு ஆப்பிரிக்கா’ என்று பெயரிடப்பட்டிருந்த இந்த மண்ணில் ஹெரேரோ, நாமா மக்களில் பெரும்பகுதியினர் அழிக்கப்பட்டனர். போருக்கு முன் ஹெரேரோக்கள் ஏறக்குறைய 80,000 பேர் என்பது மதிப்பீடு. 1911 கணக்கெடுப்பில் எஞ்சியவர்கள் 15,130. நாமாக்கள் சுமார் 20,000 பேரிலிருந்து 9,781 ஆனார்கள். இருபதாம் நூற்றாண்டின் முதல் இன அழிப்பு என்று வரலாற்றாசிரியர்கள் பலர் இதையே சொல்கிறார்கள்.

விண்ட்ஹோக்கில் பார்க்க வேண்டியவை ஒரே குன்றின் மேல், நடை தூரத்தில் உள்ளன. ஆல்ட்டே ஃபெஸ்ட்டே கோட்டையில் தொடங்குவது நல்லது. 1890இல் ஜெர்மன் காவல்படை கட்டியது. போர்க்காலத்தில் இதன் சுவரையொட்டிய சரிவில்தான் கைதி முகாம் இருந்தது. அந்த இடத்திலேயே, 1912 ஜனவரி 27 அன்று, ஜெர்மன் பேரரசர் கைசரின் பிறந்தநாளில், செத்த ஜெர்மானியர்களுக்காக ஒரு குதிரைவீரன் சிலையைத் திறந்தார்கள். முகாமில் செத்தவர்களைப் பற்றி அதில் ஒரு வரி கிடையாது. அந்தச் சிலை 2009இல் இடம் மாறியது, 2013 கிறிஸ்துமஸ் அன்று மொத்தமாக இறக்கப்பட்டுக் கோட்டை முற்றத்துக்குள் போனது. இப்போது வெளியே நிற்பது இன அழிப்பு நினைவுச் சிலை: சங்கிலி அறுபட்ட கைகளை உயர்த்திய ஓர் ஆணும் பெண்ணும்.

அதற்குப் பக்கத்தில், மூன்று கால் வைத்த காப்பிப் பாத்திரம் போல வானத்தில் தூக்கி நிறுத்தியிருப்பது சுதந்திர நினைவு அருங்காட்சியகம், 2014இல் திறந்தது. நுழைவு இலவசம். மேல்மாடி ஓவியங்களைப் பார்த்தால் எங்கோ பார்த்த மாதிரி இருக்கும்: சிவந்த வானம், ஒரே திசையில் வெறிக்கும் முகங்கள், எல்லோருக்கும் முன்னால் ஒரு தலைவர். கட்டியது வட கொரியாவின் மான்சுடே நிறுவனம். ஊருக்குத் தெற்கே உள்ள வீரர் நினைவிடமும் குடியரசுத் தலைவர் மாளிகையும் அவர்கள் கைவேலைதான். ஏகாதிபத்தியத்தின் கொலையை நினைவுகூரும் கட்டடத்தை இன்று உலகில் எஞ்சியிருக்கும் மிக இறுக்கமான முற்றதிகார அரசு கட்டிக் கொடுத்திருக்கிறது. சிரிப்பதா, சங்கடப்படுவதா என்று தெரியாமல்தான் படியிறங்க வேண்டியிருக்கிறது.

முற்றதிகாரம் என்ற சொல்லை இங்கே கொஞ்சம் கறாராகப் பயன்படுத்துகிறேன். அரசியல் சிந்தனையாளர் ஹன்னா அரெண்ட் 1951இல் முற்றதிகாரத்தின் தோற்றுவாய்கள் பற்றி எழுதியபோது சாதாரணக் கொடுங்கோலிலிருந்து அதைப் பிரித்தார். கொடுங்கோலன் எதிரியை அடக்குவதோடு நிறுத்திக்கொள்வான். முற்றதிகாரத்துக்கு எதிரி ஒழிந்த பிறகுதான் வேலையே தொடங்குகிறது. மனிதர்களையே தேவையற்றவர்களாக்குவது அதன் இலக்கு, வதைமுகாம் அதன் ஆய்வுக்கூடம். நூலின் நடுப்பகுதி முழுக்க ஏகாதிபத்தியம். ஐரோப்பியர் ஆப்பிரிக்காவில் இரண்டு கருவிகளைக் கண்டுபிடித்தார்கள் என்றார்: ஒன்று இனம், மற்றது அதிகாரவர்க்கம். வெளியே வீசியது திரும்பி வீசியவன் தலையிலேயே விழுந்த கதையாக அவை ஐரோப்பாவுக்கு வந்து சேர்ந்தன என்பது அவர் கணிப்பு. ஓராண்டுக்கு முன்பே, 1950இல், மார்ட்டினிக் தீவுக் கவிஞர் எமே செசேர் இன்னும் காரமாகச் சொல்லிவிட்டார்: அல்ஜீரிய அரபிகளுக்கும் இந்தியக் கூலிகளுக்கும் ஆப்பிரிக்கக் கறுப்பர்களுக்கும் என்று ஒதுக்கி வைத்திருந்ததை ஹிட்லர் வெள்ளையருக்கும் செய்தான், ஐரோப்பாவால் மன்னிக்க முடியாதது அதைத்தான் என்று.

குன்றின் மறு சரிவில் டின்டன்பாலாஸ்ட், 1913இல் முடிந்த காலனி நிர்வாகக் கட்டடம், இன்றைய நாடாளுமன்றம். தோட்டத்துக்குள் போகலாம். இனமும் அதிகாரவர்க்கமும் ஒரே குன்றின் இரு சரிவில் இருப்பதைப் பார்த்துவிட்டு அரெண்டைப் படித்தால் வேறு மாதிரிப் புரியும்.

இரண்டாம் நாள்: விண்ட்ஹோக், ஆவணக் காப்பகம்

தேசிய ஆவணக் காப்பகத்துக்கு வார நாளில் போக வேண்டும். கடவுச்சீட்டு, பென்சில் (பேனாவுக்கு அனுமதி இல்லை என்று வைத்துக்கொண்டே போங்கள்), முன்கூட்டியே அனுப்பிய ஒரு மின்னஞ்சல், இவை இருந்தால் வேலை நடக்கும். பார்க்க வேண்டியது ஹென்ட்ரிக் விட்போயின் கடிதப் பேரேடுகள். மூலம் கையில் கிடைக்காது, பிரதிதான் தருவார்கள். கேப் பகுதியின் டச்சு மொழியில் எழுதியவை என்பதால் அச்சிட்ட ஆங்கில மொழிபெயர்ப்பை முதலில் படித்துவிட்டுப் போவது நேரத்தை மிச்சப்படுத்தும். 2005இல் யுனெஸ்கோ உலக நினைவுப் பதிவேட்டில் சேர்ந்தவை இவை. விட்போயின் முகம் உங்கள் பர்ஸிலேயே இருக்கும், 50, 100, 200 டாலர் தாள்களில்.

விட்போய் நாமாக்களின் தலைவர். ஹெரேரோக்களின் பரம்பரை எதிரி. 1890இல் ஹெரேரோத் தலைவர் மகரேரோ ஜெர்மானியரின் ‘பாதுகாப்பை’ ஏற்றபோது, அந்த எதிரிக்கே அவர் கடிதம் எழுதினார். உன்னை வெள்ளையர் ஆட்சியின் கையில் கொடுத்தது சூரியனை முதுகில் சுமப்பது போல ஆகப்போகிறது, ஒருநாள் வருந்துவாய் என்பது சாரம். 1892இல் ஜெர்மன் தளபதி கர்ட் ஃபொன் ஃபிரான்சுவா நேரில் வந்து பாதுகாப்பு ஒப்பந்தத்தில் கையெழுத்து கேட்டார். பாதுகாப்பு என்றால் என்ன, யாரிடமிருந்து எங்களைக் காப்பாற்றப் போகிறீர்கள் என்று திருப்பிக் கேட்டார் விட்போய். அதற்கான பதில் 1893 ஏப்ரல் 12 விடிகாலையில் விட்போயின் குடியிருப்பான ஹோர்ன்கிரான்ஸில் கிடைத்தது. தூங்கிக்கொண்டிருந்தவர்களைப் படை சுட்டது. செத்தவர்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும்.

அந்தக் காலத்து ஒப்பந்தம் நடைமுறையில் எப்படி வேலை செய்தது என்பதற்கு லூடரிட்ஸ் கடற்கரை பாடப்புத்தக உதாரணம். 1883இல் பிரெமன் வணிகர் அடால்ஃப் லூடரிட்ஸின் முகவர் பெத்தானி நாமாத் தலைவர் யோசஃப் ஃபிரெடரிக்ஸிடமிருந்து முதலில் விரிகுடாவை வாங்கினார். விலை 100 பவுனும் 200 துப்பாக்கியும். சில மாதம் கழித்துக் கடலோரத்தில் 20 ‘மைல்’ அகலத்துக்கு ஒரு பட்டை. ஃபிரெடரிக்ஸுக்குத் தெரிந்தது 1.6 கி.மீ. கொண்ட ஆங்கில மைல். தாளில் எழுதியிருந்தது ‘புவியியல் மைல்’, அதாவது 7.4 கி.மீ. 32 கி.மீ. விற்றதாக நினைத்தவர் 148 கி.மீ. விற்றிருந்தார். அடுத்த ஆண்டே, 1884 ஏப்ரல் 24 அன்று, ஜெர்மன் சான்சலர் பிஸ்மார்க் அந்தக் கொள்முதலுக்கு அரசின் பாதுகாப்பை அறிவித்தார். வணிகன் முன்னே, கொடி பின்னே.

இந்தப் பேரேடுகளின் முன் அரெண்ட் சறுக்குகிறார். ஆப்பிரிக்கர்களைப் பற்றி எழுதும்போது, வரலாறும் சொந்த உலகமும் இல்லாத, இயற்கையோடு இயற்கையாகக் கிடந்த மக்கள் என்ற தொனி அவரிடம் வந்துவிடுகிறது. காலனிக்காரனின் பார்வையை விவரிக்கிறாரா, தானே அப்படிப் பார்க்கிறாரா என்று பிரிக்க முடியாத பக்கங்கள் அவை. அங்கே நடந்த கொலைகளை அடுக்கும் வாக்கியத்தில் காங்கோ வருகிறது, ஜெர்மன் காலனிக்காரர் கார்ல் பீட்டர்ஸ் வருகிறார், ஹெரேரோக்கள் வரவில்லை. ஏகாதிபத்தியம் என்ன செய்யப்போகிறது என்பதை 1890இலேயே எதிரிக்கு எழுதி எச்சரித்து, அனுப்பிய கடிதத்துக்குப் பிரதியும் எடுத்து வைத்த ஒரு மனிதரை, அதே பொருள் பற்றிய மாபெரும் நூல் சிந்தனையாளராகக் கண்டுகொள்ளவில்லை. நூலின் மதிப்பை இது அழித்துவிடாது. ஆனால் அதைப் படிக்கிறவர் மேசையில் விட்போயின் கடிதங்களும் இருக்க வேண்டும்.

மூன்றாம் நாள்: ஒகாஹாண்ட்யா வழியாக வாட்டர்பெர்க்

வடக்கே 70 கி.மீ. நல்ல சாலை. ஒகாஹாண்ட்யாவில் ஹெரேரோத் தலைவர்களின் கல்லறைகள் உள்ளன. ஆகஸ்ட் 26ஐ ஒட்டிய வார இறுதியில் செங்கொடி நாள் ஊர்வலம் நடக்கும். 1904 போரில் ஹெரேரோக்களின் தலைவராக இருந்து, 1923இல் நாடுகடந்து இறந்த சாமுவேல் மகரேரோவின் உடலை இங்கே கொண்டுவந்து புதைத்த நாள் அது. ஆண்கள் ராணுவச் சீருடையில் அணிவகுப்பார்கள். பெண்கள் மாட்டுக் கொம்பு வடிவத் தலைப்பாகையும் கணுக்கால் வரை விரியும் கவுனும் உடுத்தி வருவார்கள். கல்லறைக்குள் போகவும் படம் எடுக்கவும் முதலில் அங்குள்ள பெரியவர்களிடம் கேட்க வேண்டும். சாலையோரம் பொம்மை விற்கும் பெண்களிடமும் அப்படித்தான். கேட்காமல் கேமராவைத் தூக்கினால் திட்டு நிச்சயம்.

1904 ஜனவரி 12 அன்று போர் மூண்டது இந்த ஊரில்தான். காரணம் ஒன்று அல்ல, ஒன்றின் மேல் ஒன்றாக ஏறியவை. 1897இல் மாட்டுக் கொள்ளைநோய் வந்து மந்தைகளில் பெரும்பகுதி செத்தது. மாடுதான் ஹெரேரோக்களுக்குச் செல்வம், சீதனம், வழிபாடு எல்லாம். மாடு போனதும் வணிகர்களிடம் கடன், கடனுக்கு ஈடாக நிலம். 1903இல் நிர்வாகம் ஒரு கடன் சட்டம் போட்டது. ஓராண்டுக்குள் வசூலிக்காத கடன் செல்லாது. கடனாளியைக் காப்பாற்றுவதாகச் சொல்லி வந்த சட்டம் இது. விளைவு நேர்மாறு: கெடு முடிவதற்குள் என்று வணிகர்கள் படையோடு வந்து எஞ்சிய மாடுகளையும் ஓட்டிப் போனார்கள். கூடவே ஒட்டாவி ரயில் பாதை நிலத்தைக் கிழித்துக்கொண்டு வந்தது. முதல் நாள்களில் நூற்றுக்கும் மேற்பட்ட ஜெர்மானியர் கொல்லப்பட்டனர். பெண்கள், குழந்தைகள், பாதிரிகள், ஆங்கிலேயர், போயர்கள் (டச்சு வழிவந்த குடியேறிகள்) மீது கை வைக்கக் கூடாது என்று சாமுவேல் மகரேரோ உத்தரவிட்டிருந்தார்.

மேலே போகும் வழி: பி1 சாலையில் ஒச்சிவரோங்கோவுக்குச் சுமார் 30 கி.மீ. முன்பே வலப்பக்கம் சி22 பிரியும். 40 கி.மீ. போல தார். பிறகு டி2512, கடைசி இருபது சொச்சம் கி.மீ. சரளை. ஒகாஹாண்ட்யாவிலேயே டேங்கை நிரப்பிக்கொள்ளுங்கள். சரளைக்குக் காற்றழுத்தத்தை 26–28 பிஎஸ்ஐக்கு இறக்கினால் டயர் பிழைக்கும். வேகம் 80ஐத் தாண்டினால் வளைவில் வண்டி பக்கவாட்டில் சறுக்கும், அப்போது பிரேக் மிதித்தால் கவிழும். காலை ஆக்சிலரேட்டரிலிருந்து எடுத்து, ஸ்டீயரிங்கை நேராகப் பிடித்து, தானாக வேகம் குறைய விட வேண்டும். பொழுது சாய்ந்த பின் ஓட்டாதீர்கள். குடு மானும் காட்டுப்பன்றியும் சாலைக்கு வரும், வாடகை வண்டிக் காப்பீடு பெரும்பாலும் இரவு விபத்தை ஏற்காது.

நான்காம் நாள்: வாட்டர்பெர்க், ஒமஹேக்கே விளிம்பு

வாட்டர்பெர்க் மேசை போலத் தட்டையான சிவப்பு மணற்பாறை மலை. மழை நீர் பாறைக்குள் இறங்கி அடிவாரத்தில் ஊற்றாக வரும். அதனால்தான் 1904 ஆகஸ்டில் பல்லாயிரம் ஹெரேரோக்கள் குடும்பத்தோடும் மந்தையோடும் இங்கே கூடியிருந்தார்கள். சண்டைக்காக வந்த கூட்டம் இல்லை. சமாதானப் பேச்சு வரும் என்று காத்திருந்தவர்கள் என்று கருத இடமிருக்கிறது. வந்தவர் லோத்தார் ஃபொன் ட்ரோத்தா. கிழக்கு ஆப்பிரிக்காவிலும் பாக்ஸர் கலகத்தின்போது சீனாவிலும் ‘அனுபவம்’ பெற்ற தளபதி.

ஓய்வு விடுதியின் உணவகம் பழைய ஜெர்மன் காவல் நிலையம். கீழே சிறிய கல்லறைத் தோட்டத்தில் செத்த ஜெர்மன் சிப்பாய்களுக்குத் தனித்தனிக் கல், பெயர், படைப்பிரிவு, தேதி. ஹெரேரோக்களுக்குப் பின்னாளில் பதித்த ஒரே ஒரு பலகை, பெயர்கள் இல்லை. மலை மேல் ஏறும் பாதை செங்குத்தானது, முக்கால் மணி நேரம் பிடிக்கும். காலை ஏழு மணிக்குள் ஏறிவிடுங்கள். மேலே நின்று தென்கிழக்கே பார்த்தால் முட்புதர்ச் சமவெளி தொடுவானம் வரை. போர் நடந்த ஒஹமகாரி அங்கேதான், இன்று தனியார் பண்ணைகளுக்குள், அனுமதி இல்லாமல் வேலி தாண்டக் கூடாது.

ஆகஸ்ட் 11: சுமார் 1,500 துப்பாக்கி வீரர்கள், 30 பீரங்கிகள், 12 இயந்திரத் துப்பாக்கிகள், பல திசைகளில் இருந்து சுற்றி வளைப்பு. தென்கிழக்கில் மட்டும் வளையம் பலவீனம். ஹெரேரோக்கள் அந்த வழியே உடைத்துக்கொண்டு நீரில்லாத ஒமஹேக்கே மணல்வெளிக்குள் போனார்கள். படை பின்னால் துரத்தியது. ஊற்றுகளைக் கைப்பற்றி, திரும்பி வரும் வழியை அடைத்தது. ஆயுதங்கள் தொடங்கியதை ஒமஹேக்கே முடித்து வைக்கும் என்று ஜெர்மன் தலைமைத் தளபதியகத்தின் அதிகாரபூர்வ வரலாறே பெருமையாக எழுதியது.

அக்டோபர் 2 அன்று ஒசொம்பு-விண்டிம்பே என்ற நீர்நிலையில் ட்ரோத்தா தன் ஆணையை வாசித்தார். ஜெர்மன் எல்லைக்குள் துப்பாக்கியோடோ இல்லாமலோ, மாட்டோடோ இல்லாமலோ காணப்படும் ஒவ்வொரு ஹெரேரோவும் சுடப்படுவான். சாமுவேல் மகரேரோவைப் பிடித்துக் கொடுத்தால் 5,000 மார்க், மற்றத் தலைவர்களுக்கு 1,000. பெண்களையும் குழந்தைகளையும் ஏற்க மாட்டேன், துரத்துவேன் அல்லது சுடச் செய்வேன். படைக்குத் தனியாக ஒரு விளக்கம்: பெண்கள், குழந்தைகள் தலைக்கு மேலே சுட்டு ஓடச் செய்தால் போதும். எங்கே ஓடுவார்கள்? நீரில்லாத திசை ஒன்றுதான் திறந்திருந்தது.

அந்த இடத்துக்குப் போக ஒட்ஜினேனே பக்கம் ஆழ்ந்த மணல் தடங்களில் ஓட்ட வேண்டும். நாலு சக்கர இயக்கம், இரண்டு மாற்று டயர், காற்றடிக்கும் கம்ப்ரசர், மண்வெட்டி, ஆளுக்கு நாளொன்றுக்கு 5 லிட்டர் தண்ணீர், கூடவே உள்ளூர் வழிகாட்டி. மணலில் அழுத்தம் 18–20 பிஎஸ்ஐ. சிக்கிக்கொண்டால் சக்கரத்தைச் சுழற்றாதீர்கள், அச்சு வரை புதையும். ஒற்றை வண்டியாகப் போகவே வேண்டாம்.

ஆணையின் ஆயுள் இரண்டு மாதத்துக்குச் சற்று மேல். சான்சலர் பூலோ எதிர்த்தார். கிறித்துவத்துக்கும் மனிதநேயத்துக்கும் முரண், நடைமுறைக்கும் ஒவ்வாது, ஜெர்மனியின் பெயர் கெடும். டிசம்பரில் கைசர் திரும்பப் பெற்றார். பள்ளிப் புத்தகமாக இருந்தால் கதை இங்கே நல்லபடியாக முடியும். அதே பூலோவின் டிசம்பர் 11 தந்தியில்தான் சரணடைபவர்களுக்குக் ‘கோன்சென்ட்ராட்சியோன்ஸ்லாகர்’, அதாவது கைதிகளைக் குவித்து அடைக்கும் முகாம், அமையுங்கள் என்று வருகிறது. ஸ்பானியர் கியூபாவிலும் ஆங்கிலேயர் போயர் போரிலும் செய்ததன் ஜெர்மன் பதிப்பு. வெறிபிடித்த தளபதியை அடக்கிய மிதவாதிகள் முகாமைக் கொண்டுவந்தார்கள்.

ஐந்தாம் நாள்: ஸ்வாகோப்முண்ட்

ஒமருரு, கரிபிப் வழியாகக் கடற்கரைக்குச் சுமார் 450 கி.மீ., வாட்டர்பெர்க்கின் சரளைத் துண்டு போக முழுக்கத் தார். உள்நாட்டில் 35 டிகிரி இருக்கும்போது இங்கே மூடுபனியும் 15 டிகிரியும். ஸ்வெட்டர் எடுத்து வையுங்கள். உணவகம் எல்லாம் இறைச்சி. சைவக்காரர்கள் சூப்பர்மார்க்கெட்டில் ரொட்டி, பாலாடைக்கட்டி, பழம் வாங்கி வைத்துக்கொள்வதே வழி.

குளிரை ஏன் சொல்கிறேன் என்றால், முகாமில் கொன்றவற்றில் அதுவும் ஒன்று. மேட்டு நிலத்து உலர்ந்த வெயிலில் வளர்ந்த மக்களை இந்தக் கடற்காற்றில் சாக்குத் துணியும் பலகைத் துண்டும் வைத்துக் கட்டிய குடிசைகளில் 30, 50 பேராக அடைத்தார்கள். சுற்றி இரட்டை முள்கம்பி. பாதிரி ஹைன்ரிஷ் ஃபெடர் எழுதிவைத்த சபைக் குறிப்பில் உணவுப் பகுதி: அரிசி கொடுத்தார்கள். பாலும் இறைச்சியும் தின்று பழகிய மக்களுக்கு அரிசி என்றால் என்னவென்றே தெரியாது. வேகவைக்கப் பாத்திரமும் போதிய விறகும் கிடையாது. பச்சை அரிசியை மென்று வயிற்றுப்போக்கில் செத்தார்கள். செத்த குதிரையும் மாடும்தான் கிடைத்த இறைச்சி. சோற்று நாட்டுக்காரன் அந்தப் பத்தியைக் கடந்து போவது எளிதல்ல. படி அளந்து கொடுத்த கணக்கு பேரேட்டில் சரியாக இருக்கும்: கைதிக்கு உணவு வழங்கப்பட்டது. பசி அந்தக் கணக்கில் ஏறாது.

கைதிகளின் கல்லறை நகர்க் கல்லறைக்குப் பின்னால், ஆற்றுப் படுகையை நோக்கிய மணலில் இருக்கிறது. முன்பக்கம் பளிங்கு, பனை, ஜெர்மன் பெயர்கள். பின்பக்கம் வரிசை வரிசையாகச் சிறு மண் மேடுகள், பெயர் எதுவும் இல்லை. மணல் மேட்டில் கால் வைக்காதீர்கள், ஓரமாகவே நடங்கள். நீண்ட காலம் இதன் மேல் நான்கு சக்கர மோட்டார் பைக் ஓட்டியிருக்கிறார்கள். ஊருக்குள் 1908ஆம் ஆண்டின் கடற்படை நினைவுச் சின்னம் இன்னும் நிற்கிறது. துறைமுக வேலைக்குக் கைதிகளை வாடகைக்கு எடுத்த கப்பல் நிறுவனமான வோர்மனின் பழைய கட்டடமும் அழகாகப் பராமரிக்கப்படுகிறது. அதற்குத் தனி முகாமே இருந்தது.

படையின் சொந்தக் கணக்குப்படி 1904 அக்டோபர் முதல் 1907 மார்ச் வரை முகாம்களில் செத்தவர்கள் 7,682 பேர். அடைக்கப்பட்டவர்கள் ஏறக்குறைய 17,000. யாரும் உளவு பார்த்துத் தோண்டி எடுத்த எண் இல்லை இது, அலுவலகமே கூட்டிப் போட்ட எண்.

ஆறாம், ஏழாம் நாள்: தெற்கு நோக்கி

விண்ட்ஹோக் திரும்பி பி1இல் கீட்மன்ஷூப் வரை போக இரண்டு நாள் வைத்துக்கொள்வது உத்தமம். ரெஹோபோத்தில் ஒரு டீ. 1908இல் ஆய்கன் ஃபிஷர் என்ற மானிடவியலாளர் இந்த ஊரின் கலப்புக் குடும்பங்களின் மூக்கையும் முடியையும் அளந்து, 1913இல் நூலாக்கினார். 1927இல் பெர்லின் கைசர் வில்ஹெல்ம் மானிடவியல் நிறுவனத்தின் இயக்குநர் ஆனார். 1937இல் ரைன்லாந்தில் ஆப்பிரிக்கச் சிப்பாய்களுக்குப் பிறந்த பிள்ளைகளைக் கட்டாயக் கருத்தடைக்கு அனுப்ப ‘அறிவியல்’ சான்று எழுதிய வட்டாரம் அதுதான். அரெண்ட் சொன்ன திரும்பி வரும் பாதைக்கு இதைவிட நேரான தடம் இல்லை.

மரியென்டாலுக்குத் தெற்கே கிபியோன், விட்போயின் ஊர். அவருடைய பைபிளும் சாட்டையும் ஹோர்ன்கிரான்ஸில் கொள்ளையடிக்கப்பட்டு ஸ்டுட்கார்ட் அருங்காட்சியகத்தில் இருந்தன, 2019இல்தான் திரும்பின. 1905 அக்டோபர் 29 அன்று, எழுபதைத் தாண்டிய வயதில், ஜெர்மானியருக்கு எதிரான சண்டையில் குண்டு பட்டு விட்போய் இறந்தார்.

எட்டாம் நாள்: லூடரிட்ஸ், சுறாத் தீவு

கீட்மன்ஷூப்பிலிருந்து 335 கி.மீ. ஆவுஸில் பெட்ரோல் போட்டுக்கொள்ளுங்கள், அதன் பிறகு ஒன்றும் இல்லை. கடைசி 40 கி.மீ.யில் பிற்பகல் காற்று மணலைச் சாலை மீது ஏற்றும். வேகமாகப் போனால் முன்கண்ணாடி தேய்ந்து மங்கிவிடும், காலையிலேயே கடந்துவிடுவது மேல். சாலையோடு ஓடும் ரயில் பாதையைக் கவனியுங்கள். 1906 ஜனவரி முதல் 1907 ஜூன் வரை இதில் வேலை வாங்கப்பட்ட 2,014 கைதிகளில் 1,359 பேர் செத்தார்கள்.

சுறாத் தீவு இன்று தீவு இல்லை, தரையோடு இணைத்துவிட்டார்கள். நீளம் ஒன்றே கால் கி.மீ. இருக்கும். வெறும் பாறை, மறைவுக்கு ஒரு மரம் கிடையாது. 1906 செப்டம்பரில் கொண்டுவரப்பட்ட சுமார் 1,800 நாமாக்களில் ஆயிரத்துக்கு மேற்பட்டோர் அடுத்த ஏழு மாதத்தில் இறந்தனர். தலைவர் கோர்னேலியஸ் ஃபிரெடரிக்ஸ் 1907 பிப்ரவரியில். பெண்களுக்குக் கொடுத்த வேலைகளில் ஒன்று, செத்தவர்களின் தலைகளை வேகவைத்துக் கண்ணாடித் துண்டால் சதையைச் சுரண்டுவது. மண்டையோடுகள் பெர்லினுக்குப் போயின. பெட்டியில் அடுக்கும் காட்சி அஞ்சலட்டைப் படமாகவே சுற்றியது. முதல் 20 மண்டையோடுகள் திரும்பி வந்தது 2011இல்.

இப்போது அங்கே அரசு விடுதிக் கழகத்தின் முகாம் தளம் இருக்கிறது. கூடாரம் போடலாம், கரி அடுப்பும் உண்டு. 2019இல் தேசிய மரபுச் சின்னமாக அறிவித்த பிறகும் இந்த நிலை. தங்க வேண்டாம் என்பது என் அபிப்பிராயம், ஊருக்குள் விடுதிகள் உள்ளன. நினைவுக் கற்களைப் பார்க்கக் காலை எட்டு மணிக்குள் போனால் காற்றில் நிற்க முடியும்.

வதைமுகாம் மனிதனை மூன்று கட்டமாக அழிக்கிறது என்றார் அரெண்ட். முதலில் சட்டத்தின் முன் அவனுக்குள்ள உரிமை. அடுத்து அறம்: அவன் சாவு யாருக்கும் சாட்சியாக முடியாதபடி செய்வது. கடைசியில் அவன் தனித்தன்மை. சுறாத் தீவில் முதல் இரண்டும் முழுமையாக நடந்தன என்றே சொல்வேன். மூன்றாவதற்கு இங்கே யாரும் திட்டமிடவில்லை, வேலை வாங்குவதும் பழி தீர்ப்பதுமே நோக்கம். ஒரே கட்சி இல்லை, ரகசிய காவல்துறை இல்லை, சித்தாந்த வகுப்பு இல்லை. அதனால் 1904இன் ஜெர்மனியை முற்றதிகாரம் என்று சொல்ல முடியாது, சொல்லவும் கூடாது. அங்கே தேர்தல் இருந்தது, பத்திரிகை இருந்தது, எதிர்க்கட்சி இருந்தது. ஆகஸ்ட் பேபல் நாடாளுமன்றத்திலேயே இந்தப் போரைச் சாடினார். 1906 டிசம்பரில் போர்ச் செலவுக்கான கூடுதல் பணத்தை அவை மறுத்தது. அவை கலைக்கப்பட்டு 1907 ஜனவரியில் தேர்தல் வந்தபோது, பேபலின் சமூக ஜனநாயகக் கட்சி 81 இடத்திலிருந்து 43க்கு இறங்கியது. செய்தி தெரியாததால் மக்கள் அப்படி வாக்களித்தார்கள் என்று சொல்ல வழியில்லை. இந்தப் பயணத்தில் என்னை மிகவும் உறுத்துவது இதுதான்: இன அழிப்பு நடக்க முற்றதிகாரம் வரும் வரை காத்திருக்கத் தேவையில்லை. வரவு செலவுத் திட்டமும் கணக்குத் தணிக்கையும் உள்ள ஓர் அரசே போதும்.

முற்றதிகாரத்துக்கு அருகில் வருவது போருக்குப் பிந்தைய சட்டங்கள். 1907இன் ‘பூர்வகுடி’ ஒழுங்குகளின்படி ஏழு வயதுக்கு மேற்பட்ட ஒவ்வொரு கறுப்பரும் கழுத்தில் பித்தளை வில்லை அணிய வேண்டும். கைசரின் மகுடம், மாவட்டப் பெயர், எண். கவர்னர் அனுமதி இல்லாமல் நிலமோ மாடோ வைத்திருக்கக் கூடாது. மாடு இல்லாத ஹெரேரோவுக்குக் கூலி வேலையை விட்டால் வேறு போக்கு இல்லை. சட்டம் போட்டவர்களுக்கும் அது தெரியும்.

ஒன்பதாம் நாள்: கோல்மன்ஸ்கோப், ஒப்பந்தம்

ஊருக்கு 10 கி.மீ. வெளியே மணல் புகுந்த வைர நகரம். காலையில் வழிகாட்டிச் சுற்று, மதியம் ஒரு மணிக்கு மூடிவிடுவார்கள். 1908இல் ரயில் பாதையில் மணல் வாரிக்கொண்டிருந்த சக்காரியாஸ் லெவாலா முதல் வைரத்தை எடுத்தார். பணம் அவருக்குப் போகவில்லை.

விண்ட்ஹோக்கிலிருந்து நாஜி வதைமுகாமான ஆஷ்விட்ஸுக்கு நேர்கோடு போட முடியுமா என்பது வரலாற்றாசிரியர்களிடையே ஓயாத சண்டை. ஃபிஷரும், ட்ரோத்தாவின் கீழ் இங்கே பணியாற்றிப் பின்னாளில் பவேரியாவின் நாஜி ஆளுநரான ஃபிரான்ஸ் ஃபொன் எப்பும் நேர்கோட்டுக்குச் சான்றாக ஒரு பக்கம். மறுபக்கம், இதே மாதிரிக் கொன்ற மற்ற ஏகாதிபத்தியங்கள் நாஜிகளை உருவாக்கவில்லையே என்ற கேள்வி. நடுவே முதல் உலகப் போர் வேறு. நேர்கோடு நிற்காது என்றே நினைக்கிறேன். ஆனால் ஐரோப்பாவுக்குத் திரும்பி வந்ததால்தான் இது முக்கியம் என்ற தொனி எனக்கு ஒப்பாது. திரும்பாமலே போயிருந்தாலும் 1904, 1904தான். ‘ஜெனோசைட்’ என்ற சொல்லை 1944இல் உருவாக்கிய ரஃபேல் லெம்கின் தன் அச்சாகாத குறிப்புகளில் ஹெரேரோக்களைத் தனியாகவே ஆராய்ந்திருக்கிறார்.

ஆங்கிலேயரின் கையும் சுத்தமில்லை. 1918இல் சாட்சியங்களைத் திரட்டி நீலப் புத்தகம் எனப்படும் ஓர் அரசு அறிக்கையை வெளியிட்டார்கள், ஜெர்மனியிடம் காலனி திரும்பக் கூடாது என்பதற்காக. நிலம் தென்னாப்பிரிக்கா கைக்கு வந்து, ஜெர்மன் குடியேறிகளோடு சமரசம் தேவைப்பட்டதும், 1926இல் அந்தப் புத்தகத்தை அழிக்க உத்தரவு போயிற்று.

2021 மே மாதக் கூட்டு அறிவிப்பில் ஜெர்மனி, ‘இன்றைய பார்வையில்’ இது இன அழிப்பு என்று ஒப்புக்கொண்டது. 30 ஆண்டுகளில் 110 கோடி யூரோ வளர்ச்சித் திட்டங்களுக்கு. இழப்பீடு என்ற சொல் இல்லை. ‘இன்றைய பார்வையில்’ என்ற இரண்டு சொற்கள் வழக்கறிஞர் வேலை: 1948இன் இன அழிப்புத் தடுப்பு உடன்படிக்கை முன்தேதியிட்டுச் செல்லாது, எனவே சட்டக் கடமை இல்லை, தார்மீகக் கடமை மட்டும். ஹெரேரோ, நாமா பாரம்பரியத் தலைமைகள் பல இதை நிராகரித்தன. பேசியது இரண்டு அரசுகள், பேச்சில் தங்களுக்கு உரிய இடம் இல்லை என்பது அவர்கள் வாதம். நிலக் கணக்கைப் பார்த்தால் ஏன் பணத்தோடு முடியாது என்று புரியும். 2018 புள்ளிவிவரப்படி தனியார் பட்டா விவசாய நிலத்தில் 70 சதவீதம் இன்னும் முன்னர் சலுகை பெற்ற வெள்ளையர் சமூகத்தின் கையில். ஒகாஹாண்ட்யா முதல் வாட்டர்பெர்க் வரை சாலையின் இருபுறமும் ஓடும் வேலி அதுதான்.

போகிறவர்களுக்குக் கடைசியாகத் தேதி. மே 28 இப்போது தேசிய இன அழிப்பு நினைவு நாள், 1907இல் முகாம்களை மூட உத்தரவான தேதியை வைத்துத் தேர்ந்தெடுத்தது. 2025இல் முதல் முறை அரசு அளவில் அனுசரித்தார்கள். அன்று காப்பகமும் அரசு அலுவலகங்களும் மூடியிருக்கும், அதற்கேற்ப நாளை மாற்றிப் போடுங்கள். நிகழ்ச்சிக்குப் போகிறவர்கள் ஒகாஹாண்ட்யா ஊர்வலத்தையும் பார்க்க ஆசைப்பட்டால் அது ஆகஸ்ட், ஒரே பயணத்தில் இரண்டும் அமையாது. இரண்டில் ஒன்று என்றால் நான் ஆகஸ்டைச் சொல்வேன். அது அரசு அறிவித்த நாள் இல்லை, 1923 முதல் மக்களே நடத்தி வருவது.